ராட்சத சிப்பியும் தென்சீனக் கடல் சண்டையும்: ஸ்கார்பரோவில் சீனா அறிவித்த 'காப்பகம்' எதைக் காப்பாற்றும்?

தென்சீனக் கடலில் உள்ள ஸ்கார்பரோ ஷோல் என்ற பவளத் திட்டின் ஒரு பகுதியை 2025 செப்டம்பரில் தேசிய இயற்கைக் காப்பகமாக அறிவித்தது சீனா. பரப்பளவு சுமார் 3,500 ஹெக்டேர். நோக்கம் என்னவென்றால், பவளப்பாறைகளைப் பாதுகாப்பதாம்.

பிலிப்பைன்ஸ் உடனே எதிர்ப்புத் தெரிவித்தது. தனது பொருளாதார மண்டலத்துக்குள் இருக்கும் திட்டுக்கு வேறொரு நாடு எப்படி வேலி போட முடியும் என்பது அதன் கேள்வி.

வழக்கமான எல்லைச் சண்டை மாதிரிதான் தெரியும். ஆனால் இந்தக் கதையில் சீனா, பிலிப்பைன்ஸ் தவிர மூன்றாவதாக ஒரு பாத்திரம் இருக்கிறது. அதற்குக் கால் கிடையாது, வாய் பேசாது, வளர்ந்த பிறகு இருக்கும் இடத்தைவிட்டு நகராது. பெயர், ராட்சத சிப்பி. இந்தத் திட்டில் சண்டை ஆரம்பித்த நாளிலும் அது இருந்தது. சர்வதேசத் தீர்ப்பிலும் அதன் பெயர் இருக்கிறது. 'காப்பகம்' என்ற வார்த்தையை எப்படி எடை போடுவது என்று தெரிய வேண்டுமானால், இந்தச் சிப்பி எப்படி வாழ்கிறது என்று முதலில் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஸ்கார்பரோவில் முதலில் என்ன நடந்தது?

பிலிப்பைன்ஸின் லூசோன் தீவுக்கு மேற்கே சுமார் 220 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது ஸ்கார்பரோ ஷோல். முக்கோண வடிவப் பவளத் திட்டு, நடுவில் அமைதியான நீர்ப்பரப்பு. புயல் வந்தால் மீனவர்கள் ஒதுங்கும் இடமும் அதுதான்.

2012 ஏப்ரல் மாதம் அந்த நீர்ப்பரப்புக்குள் எட்டு சீன மீன்பிடிப் படகுகள் நின்றிருந்தன. பிலிப்பைன்ஸ் கடற்படையினர் ஏறிச் சோதனை போட்டார்கள். உள்ளே இருந்தவை பவளப்பாறைத் துண்டுகள், உயிருள்ள சுறாக்கள், ராட்சத சிப்பிகள். படகுகளைப் பிடிக்கப் போனபோது சீனாவின் கண்காணிப்புக் கப்பல்கள் குறுக்கே வந்து நின்றன. வாரக்கணக்கில் நீடித்த அந்த மோதலுக்குப் பிறகு திட்டு சீனாவின் கட்டுப்பாட்டுக்குள் போனது. 2013 ஜனவரியில் பிலிப்பைன்ஸ் சர்வதேச நடுவர் மன்றத்தை நாடியது.

ராட்சத சிப்பி என்றால் எவ்வளவு பெரிசு?

நம் ஊர் கடற்கரையில் 'மட்டி' என்று சொல்வோமே, அதேபோல இரண்டு ஓடு கொண்ட உயிரினம்தான் இதுவும். அளவுதான் வேறு. 'டிரைடக்னா ஜைகாஸ்' என்ற இனம் ஒரு மீட்டரைத் தாண்டி வளரும், எடை 200 கிலோவுக்கு மேல் போகும். இன்று உயிரோடு இருக்கும் இரட்டை ஓட்டுச் சிப்பிகளில் இதைவிடப் பெரிசு எதுவும் இல்லை.

ராட்சத சிப்பிகளில் சுமார் 12 இனங்கள் உண்டு. எல்லாமே ஒரு மீட்டர் கிடையாது. பாறையைக் குடைந்து அதற்குள்ளேயே வாழும் 'டிரைடக்னா குரோசியா' கைக்கு அடங்கும். முன்பு இவற்றை 'டிரைடக்னிடே' என்று தனிக் குடும்பமாக வைத்திருந்தார்கள். மரபணு ஆய்வுகள் வந்த பிறகு, இவை 'கார்டியிடே' என்ற குடும்பத்தின் ஒரு கிளை என்று தெளிவானது. உணவுத் தட்டுக்கு வரும் சின்னச் சின்ன 'காக்கிள்' சிப்பிகள் இருக்கின்றனவே, அவைதான் இந்த ராட்சதர்களின் நெருங்கிய சொந்தம்.

இந்தியப் பெருங்கடல் முதல் பசிபிக் வரை, வெதுவெதுப்பான, ஆழம் குறைந்த, தெளிவான நீர் உள்ள பவளத் திட்டுகள்தான் இவற்றின் வீடு. ஏன் தெளிவான நீர்? காரணம் இவற்றின் சாப்பாட்டில் இருக்கிறது.

வெயிலைச் சாப்பிடும் சிப்பி

சாதாரண மட்டி கடல் நீரை உள்ளே இழுத்து, அதில் மிதக்கும் நுண்ணுயிர்களை வடிகட்டிச் சாப்பிடும். ராட்சத சிப்பியும் அதைச் செய்யும். ஆனால் அது மட்டும் போதாது. பவளத் திட்டைச் சுற்றியுள்ள தெளிந்த நீரில் உணவுத் துகள்கள் குறைவு. அதை மட்டும் நம்பி 200 கிலோ வளர முடியாது.

அதனால் உள்ளுக்குள்ளேயே விவசாயம் பார்க்கிறது. ஓட்டைத் திறந்ததும் நீலமும் பச்சையுமாக மின்னும் சதை மடிப்பு ஒன்று வெளியே தெரியும். அதற்கு 'மேன்டில்' என்று பெயர். அதற்குள் கோடிக்கணக்கான நுண்பாசிகள் வசிக்கின்றன. பவள உயிரிகளிடமும் இதே வகைப் பாசிகள் உண்டு. வித்தியாசம் என்னவென்றால், பவளத்தில் பாசி செல்லுக்குள்ளேயே இருக்கும். சிப்பியில், வயிற்றிலிருந்து கிளை பிரிந்து மேன்டில் வரை போகும் மெல்லிய குழாய்களுக்குள் இருக்கும்.

பாசிக்கு இருக்க இடமும் சத்தும் சிப்பி தருகிறது. பாசி சூரிய ஒளியில் தயாரிக்கும் சர்க்கரை முதலான சத்துகள் சிப்பிக்குப் போகின்றன. அந்த மின்னும் நிறமும் வெறும் அழகுக்கு இல்லை. 'இரிடோசைட்' என்ற செல்கள் மேலே விழும் வெளிச்சத்தைச் சிதறடித்து உள்ளே அனுப்புகின்றன. பாசிகள் தூண் தூணாக அடுக்கப்பட்டிருப்பதால், மேலே இருப்பது கருகாமல் கீழே இருப்பது வரை அளவாக வெளிச்சம் கிடைக்கிறது. யேல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2024-ல் இதைக் கணக்கு மாதிரியாகச் செய்து பார்த்தார்கள். வெளிச்சத்துக்கு ஏற்ப சதை விரிந்து சுருங்குவதையும் சேர்த்தால், இந்த அமைப்பின் திறன் 67 சதவீதம் வரை போகும் என்று வந்தது. சோலார் பேனல் செய்பவர்களும் இந்தச் சிப்பியைக் கவனிக்க இதுதான் காரணம்.

இதில் ஒரு பலவீனமும் இருக்கிறது. இந்தப் பாசி பரம்பரைச் சொத்து கிடையாது. ஒவ்வொரு குஞ்சுச் சிப்பியும் தன் பாசியைக் கடல் நீரிலிருந்து புதிதாகச் சேர்த்துக்கொள்ள வேண்டும். தண்ணீர் கலங்கினால் வெளிச்சம் குறையும். தண்ணீர் சூடானால் பாசி வெளியேறி, பவளத்தைப் போலவே சிப்பியும் வெளுத்துப்போகும். ஆக, திட்டு நன்றாக இருந்தால்தான் சிப்பி நன்றாக இருக்கும்.

ஆளைக் கவ்விப் பிடிக்குமா?

பழைய சாகசக் கதைகளிலும் படங்களிலும் முத்துக் குளிப்பவரின் காலைக் கவ்வி மூழ்கடிக்கும் வில்லன் இந்தச் சிப்பிதான். நிஜத்தில் அப்படி இல்லை. மேன்டிலின் ஓரத்தில் நூற்றுக்கணக்கான குட்டிக் கண்கள் இருக்கின்றன. நிழல் விழுந்தால் போதும், சிப்பி மெல்ல உள்ளே இழுத்துக்கொள்ளும். அது பயத்தில் செய்வது. பெரிய சிப்பிகள் பலவற்றால் ஓட்டை முழுசாக மூடக்கூட முடியாது. இந்தக் கதையில் ஆபத்து எதிர்த் திசையில்தான், மனிதனிடமிருந்து சிப்பிக்கு.

பக்கத்தில் ஆள் இல்லாவிட்டால் குஞ்சு இல்லை

இந்தச் சிப்பியின் உயிரியலில் மிக முக்கியமான விஷயம் இதுதான்.

ராட்சத சிப்பி முதலில் ஆணாகத்தான் பருவத்துக்கு வரும். டிரைடக்னா ஜைகாஸ் இனத்தில் அதற்கே சில ஆண்டுகள் ஆகும். பிறகு பத்து வயதை ஒட்டி முட்டையும் உற்பத்தியாகத் தொடங்கும். அதன்பின் ஒரே சிப்பி ஆணும் பெண்ணும்தான்.

அப்படின்னா தன்னைத்தானே கருவுறச் செய்துகொள்ளலாமே? பெரும்பாலும் அது நடப்பதில்லை. முதலில் விந்தணுவை நீரில் பீய்ச்சும், கொஞ்ச நேரம் கழித்துத்தான் முட்டையை விடும். அந்த முட்டைகளோடு வெளிவரும் ரசாயனம் பக்கத்தில் இருக்கும் சிப்பிகளுக்குச் சிக்னல். அவை உடனே தங்கள் விந்தணுவை விடும். இரண்டும் திறந்த கடலில் சந்தித்தால் கரு.

ஒரு பெரிய சிப்பி ஒரே தடவையில் கோடிக்கணக்கான முட்டைகள் விடும். கேட்க பிரமாதமாக இருக்கும். ஆனால் முட்டைக்குச் சில மணி நேரம்தான் ஆயுள். பக்கத்தில் இன்னொரு சிப்பி இல்லையென்றால், அத்தனை கோடியும் நீரோட்டத்தில் கரைந்து வீண். சிப்பி நகர்ந்துபோய்த் துணை தேடவும் முடியாது. கரு உருவானாலும் ஒரு வாரம், பத்து நாள் மிதந்து திரியும். அதில் மீனுக்கு இரையாகாமல் தப்பிப்பவை உட்காரக் கடினமான, சுத்தமான பாறைப் பரப்பு வேண்டும்.

ஒரு திட்டில் 100 சிப்பி இருந்து 90-ஐ எடுத்துவிட்டால், மீதி 10 இருக்கிறதே, மெல்ல மெல்லப் பெருகிவிடும் என்று தோன்றும். அந்தப் பத்தும் தூரம் தூரமாக இருந்தால் பெருகாது. உயிரோடு இருக்கும், நூறு வயதுவரைகூட வாழலாம், ஆனால் வாரிசு இருக்காது. கணக்கெடுப்பில் 'இருக்கிறது' என்று வரும். நிஜத்தில் அந்த இடத்தில் அந்த இனத்தின் கதை முடிந்திருக்கும்.

யார் வாங்குகிறார்கள்?

முதலில் வந்தது இறைச்சிச் சந்தை. ஓட்டை மூடித் திறக்கும் தசைக்குக் கிழக்கு ஆசியாவில் நல்ல விலை. 1960-களிலிருந்து தைவான் படகுகள் இந்தத் தசைக்காக ஆஸ்திரேலியாவின் கிரேட் பேரியர் ரீஃப் வரை வந்து திருட்டுத்தனமாகச் சிப்பி எடுத்தன. ராட்சத சிப்பிகள் அனைத்தும் 1985 முதல் 'சைட்டிஸ்' ஒப்பந்தத்தின் இரண்டாவது பட்டியலில் இருக்கின்றன. அதாவது நாடுகளுக்கு இடையே விற்க முறையான அனுமதி வேண்டும்.

அடுத்து வந்தது ஓட்டுச் சந்தை. சீனாவின் ஹைனான் மாகாணத்தில் தான்மென் என்ற மீனவ ஊர் ராட்சத சிப்பி ஓட்டுச் சிற்பங்களுக்குப் பேர்போனது. வெள்ளைவெளேர் என்று, இழைத்தால் பளபளக்கும் அந்த ஓட்டைக் 'கடல் ஜேட்' என்று சொல்லி வளையல், மணிமாலை, பெரிய சிற்பங்கள் எனச் செய்து விற்றார்கள். யானைத் தந்தத்துக்குக் கெடுபிடி ஏற ஏற, அதற்கு மாற்றாகவும் இது பார்க்கப்பட்டது. 2017 ஜனவரி 1 முதல் ஹைனான் மாகாண அரசு இந்த வணிகத்துக்குத் தடை போட்டது.

சீனப் படகுகளை மட்டும் குறை சொல்லி முடித்துவிடவும் முடியாது. 2021 ஏப்ரலில் பிலிப்பைன்ஸின் சொந்த மண்ணான பலாவான் மாகாணத்தில், ஒரு சின்னத் தீவில் மட்டும் சுமார் 200 டன் ராட்சத சிப்பி ஓடுகளை அந்நாட்டுக் கடலோரக் காவல்படை கைப்பற்றியது. மதிப்பு 120 கோடி பெசோ. அதாவது தடை இருக்கும் நாட்டிலேயே, உள்ளூர் ஆட்களை வைத்தே சரக்கு குவிந்திருக்கிறது.

ப்ரொபெல்லரால் உழுதார்கள்

வழக்கமாகச் சிப்பி எடுப்பது என்றால் ஆள் மூழ்கிப்போய்ப் பெயர்த்து எடுப்பார். தென்சீனக் கடலில் நடந்தது வேறு. ஆழமில்லாத திட்டின் மேல் சின்னப் படகைக் கயிறு கட்டி நிறுத்தி, எஞ்சினின் ப்ரொபெல்லரைக் கீழே இறக்கி, பவளப்பாறையையே அரைத்து உடைப்பார்கள். உள்ளே புதைந்திருக்கும் சிப்பிகள் வெளியே வரும். உயிருள்ளவை தீர்ந்த இடங்களில், எப்போதோ செத்துப் பாறையோடு பாறையாகப் புதைந்த பழைய ஓடுகளையும் இப்படித் தோண்டினார்கள். ஓடுதானே வேண்டும், உயிர் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன?

கயிற்றைச் சுற்றிப் படகு அசைய அசைய, திட்டில் வில் வில்லாகத் தழும்பு விழும். செயற்கைக்கோள் படத்திலேயே அது தெரியும். அமெரிக்காவைச் சேர்ந்த 'ஆசிய கடல்சார் வெளிப்படைத்தன்மை முன்முயற்சி' என்ற ஆய்வு அமைப்பு 2023 டிசம்பரில் வெளியிட்ட கணக்குப்படி, தென்சீனக் கடலில் இப்படிச் சிப்பி தோண்டியதில் சேதமான பவளத் திட்டு மட்டும் 16,000 ஏக்கருக்கு மேல்.

மேலே சொன்ன உயிரியலோடு இதைச் சேர்த்துப் பாருங்கள். வளர்ந்த சிப்பி போனது, குஞ்சு உட்காரும் பாறை போனது, உடைந்த தூளால் தண்ணீர் கலங்கியது. மூன்று கதவும் ஒரே நேரத்தில் மூடிவிட்டது.

தீர்ப்பு என்ன சொன்னது?

2016 ஜூலை 12-ல் ஐந்து பேர் கொண்ட நடுவர் மன்றம் ஒருமனதாகத் தீர்ப்புச் சொன்னது. ஊடகங்களில் பெரிதாக வந்தது, தென்சீனக் கடல் மீதான சீனாவின் வரலாற்று உரிமை வாதம் செல்லாது என்ற பகுதி. ஆனால் சுற்றுச்சூழல் பற்றியும் அதில் முக்கியமான ஒரு பகுதி உண்டு. ஸ்கார்பரோ உள்ளிட்ட திட்டுகளில் சீன மீனவர்கள் மிகக் கடுமையான சேதம் ஏற்படும் முறையில் ராட்சத சிப்பிகளை எடுத்தார்கள், சீன அதிகாரிகளுக்கு அது தெரியும், தடுக்கவில்லை. இதன் மூலம் கடல் சூழலைப் பாதுகாக்கும் கடமையைச் சொல்லும் ஐ.நா. கடல் சட்டத்தின் 192, 194-வது பிரிவுகளைச் சீனா மீறியது என்றது மன்றம்.

இரண்டு விஷயங்களைக் கவனிக்க வேண்டும். ஒன்று, ஸ்கார்பரோ யாருக்குச் சொந்தம் என்று மன்றம் சொல்லவில்லை. இரு நாட்டு மீனவர்களுக்கும் அங்கே பாரம்பரிய மீன்பிடி உரிமை உண்டு என்றது. இரண்டு, சீனா இந்தத் தீர்ப்பை ஏற்கவே இல்லை.

2024 மே மாதம் பிலிப்பைன்ஸ் கடலோரக் காவல்படை பழைய புகைப்படங்களை வெளியிட்டு, ஸ்கார்பரோவில் சீனப் படகுகள் முந்தைய ஆண்டுகளிலும் சிப்பி தோண்டின என்று குற்றம்சாட்டியது. சர்வதேச விசாரணையும் கேட்டது. சீனா மறுத்தது. அதே ஆண்டு ஜூலையில், அந்தத் திட்டின் பவளம் ஆரோக்கியமாக இருப்பதாகச் சீனா தன் தரப்பில் ஓர் அறிக்கையும் வெளியிட்டது. அடுத்த ஆண்டு வந்ததுதான் இந்தக் காப்பக அறிவிப்பு.

பண்ணையில் வளர்த்துவிட முடியாதா?

முடியும். ஓரளவுக்குச் செய்தும் காட்டியிருக்கிறார்கள். 1980-களில் பிலிப்பைன்ஸின் பெரும்பாலான இடங்களில் டிரைடக்னா ஜைகாஸ் காணாமல் போயிருந்தது. பிலிப்பைன்ஸ் பல்கலைக்கழகத்தின் கடல் அறிவியல் கழகம், எட்கார்டோ கோமெஸ் தலைமையில் வெளிநாடுகளிலிருந்து சிப்பிகளைக் கொண்டுவந்து, போலினாவ் ஆய்வகத்தில் குஞ்சு பொரிக்க வைத்தது. பல வருடம் வளர்த்து நாட்டின் பல திட்டுகளில் விதைத்தார்கள். பலாவ் தீவிலும் 1970-களில் தொடங்கிய பண்ணை முயற்சி வெற்றி பெற்றது.

ஆனால் பண்ணையால் தர முடிந்தது குஞ்சுதான். அதைக் கூண்டில் வைத்துப் பல மாதம் காக்க வேண்டும், பிறகு கடலில் கொத்துக் கொத்தாக, அருகருகே வைக்க வேண்டும். அது முட்டையிடும் வயது வர இன்னும் பத்து வருடம். அதுவரை யாரும் தொடக் கூடாது. போர்க்கப்பல் சுற்றும் கடலில் அந்தப் பத்து வருட அமைதிக்கு யார் உத்தரவாதம்?

இதற்கிடையே 2024-ல் சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் சிவப்புப் பட்டியலில் டிரைடக்னா ஜைகாஸ் 'அழிவின் விளிம்பில்' என்ற நிலைக்குப் போனது. அழியும் ஆபத்தில் உள்ள உயிரினங்களுக்கான அமெரிக்கச் சட்டத்தின் கீழ் 10 வகை ராட்சத சிப்பிகளைச் சேர்க்க, அந்நாட்டுக் கடல் துறை அதே ஆண்டு ஜூலையில் முன்மொழிந்தது.

இந்தியாவில் நிலைமை என்ன?

லட்சத்தீவு, அந்தமான் பவளத் திட்டுகளிலும் ராட்சத சிப்பிகள் உண்டு. டிரைடக்னா மேக்சிமா, டிரைடக்னா ஸ்குவமோசா, ஹிப்போபஸ் ஹிப்போபஸ் ஆகிய இனங்கள் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கின்றன. அதாவது சட்டத்தின் பார்வையில் புலிக்குள்ள அதே அட்டவணை. டூர் போன இடத்தில் அழகாக இருக்கிறதே என்று ஓட்டை பையில் போட்டுக்கொண்டு வந்தாலும் வழக்கு வரலாம்.

அப்போ, சீனாவின் காப்பகம் நல்லதா, கெட்டதா?

காப்பகம் என்ற யோசனை தவறில்லை. சிப்பிக்கு உண்மையிலேயே தேவைப்படுவது யாரும் தொடாத ஓர் இடம்தான். அந்தத் திட்டில் இனி யாரும் தோண்ட மாட்டார்கள் என்றால், கொடி எந்த நாட்டுடையது என்று சிப்பி கேட்கப்போவதில்லை.

பிரச்சினை, அதை எப்படிச் சரிபார்ப்பது என்பதில் இருக்கிறது. 'பவளம் நலமாக இருக்கிறது' என்ற அறிக்கையால் மட்டும் எதுவும் நிரூபணம் ஆகாது. வளர்ந்த சிப்பிகள் எத்தனை மிச்சம்? ஒன்றுக்கொன்று எவ்வளவு தூரத்தில்? புதுக் குஞ்சுகள் பாறையில் உட்கார்ந்திருக்கின்றனவா? ப்ரொபெல்லர் தழும்பு விழுந்த இடங்களில் என்ன முளைத்திருக்கிறது? இவை யாராலும் எண்ணிப் பார்க்கக்கூடிய விஷயங்கள். நீரில் இறங்கி எண்ணச் சுதந்திரமான விஞ்ஞானிகளை, பிலிப்பைன்ஸ் விஞ்ஞானிகள் உட்பட, உள்ளே விட்டால் போதும். தோண்டியவர் யார் என்று தெரிந்தும் தடுக்கவில்லை எனத் தீர்ப்பு வாங்கிய நாடு, இன்று காவலன் என்று சொல்லும்போது இந்தக் கேள்விகள் வரத்தான் செய்யும்.

இதே கேள்வி பிலிப்பைன்ஸுக்கும் உண்டு. 200 டன் ஓடு அதன் சொந்தத் தீவில் குவிந்தது எப்படி, வாங்க இருந்தது யார் என்பதற்கும் பதில் வேண்டும்.

நடுவில் மாட்டிக்கொண்டிருப்பது ஸ்கார்பரோவை நம்பி வாழ்ந்த சம்பாலஸ் கரையோர மீனவர்கள். பாரம்பரிய உரிமை உண்டு என்று தீர்ப்புச் சொன்னாலும், இன்று அவர்களால் அந்த நீர்ப்பரப்புக்குள் நிம்மதியாகப் போய்வர முடியவில்லை. காப்பகம் அவர்களைத் தடுப்பதற்கு மட்டும் பயன்பட்டால், அது வேலிதான். குஞ்சுச் சிப்பி உட்கார ஆரம்பித்து, அதை வெளியாட்களும் வந்து எண்ண முடிந்தால், அப்போது அதைக் காப்பகம் என்று சொல்லலாம்.